70 லட்ச ரூபாய் வீடு கடைசியில் எவ்வளவு ஆகிறது? மைசூருவில் வீட்டுக் கடன் வாங்கும் முன் போட வேண்டிய கணக்கு

மைசூரு குவெம்பு நகரிலோ விஜயநகர் நாலாவது ஸ்டேஜிலோ ஒரு வீட்டைப் பார்த்துவிட்டு வந்திருக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். விலை 70 லட்சம். கையில் 20 லட்சம் இருக்கிறது, மீதி 50 லட்சத்துக்குக் கடன். வங்கியில் இருப்பவர் கால்குலேட்டரைத் தட்டிவிட்டு, "மாசம் 43 ஆயிரத்துச் சொச்சம்தான் சார் வரும்" என்கிறார். வீட்டுக்கு வந்து, சம்பளத்தில் 43 ஆயிரம் போனால் மீதி எவ்வளவு, பள்ளிக் கட்டணம் எவ்வளவு, ஊருக்கு அனுப்புவது எவ்வளவு என்று எழுதிப் பார்க்கிறீர்கள். சமாளிச்சிடலாம் போலத்தான் தெரிகிறது.

பெரும்பாலான வீடுகளில் கணக்கு இத்தோடு நின்றுவிடுகிறது. மாதம் எவ்வளவு என்று கேட்கிறோம், எத்தனை மாதம் என்று கேட்பதில்லை. வீட்டுக் கடனின் உண்மையான விலை ஒளிந்திருப்பது அந்த இரண்டாவது கேள்வியில்தான்.

50 லட்சம் எப்படி ஒரு கோடி ஆகிறது?

இந்தக் கட்டுரை முழுக்க 8.5 சதவீத வட்டி என்று வைத்துக் கணக்குப் போடுவோம். உங்களுக்கு இதைவிடக் குறைவாகவும் கிடைக்கலாம். ஆனால் 20 ஆண்டுகளில் வட்டி ஒரே இடத்தில் நிற்காது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறோம்.

50 லட்சம் கடன், 20 ஆண்டு, 8.5 சதவீதம். மாதத் தவணை 43,391 ரூபாய். 240 மாதங்களில் நீங்கள் கட்டும் மொத்தத் தொகை 1 கோடியே 4 லட்சத்து 14 ஆயிரம். அதில் வட்டி மட்டும் 54 லட்சத்துக்கு மேல். வாங்கிய கடனைவிட அதற்கான வட்டி அதிகம்.

"இஎம்ஐ கொஞ்சம் ஜாஸ்தியா இருக்கே" என்று நீங்கள் முகம் சுளித்தால், எதிரில் இருப்பவர் உடனே சொல்வது: "30 வருஷமா போட்டுக்கலாம் சார், 38 ஆயிரத்துக்கு வந்துடும்." உண்மைதான், 38,446 ரூபாய்க்கு வரும். மாதம் சுமார் 5,000 ரூபாய் மிச்சம். ஆனால் மொத்த வட்டி 54 லட்சத்திலிருந்து 88 லட்சமாகிவிடும். அந்த ஐயாயிரத்துக்கு நீங்கள் கொடுக்கும் விலை 34 லட்சம். எதிர்ப்பக்கமும் பாருங்கள். 15 ஆண்டாகப் போட்டால் தவணை 49,237 ரூபாய், மொத்த வட்டி 38 லட்சத்து 63 ஆயிரம்.

கடன் அதே கடன், வட்டி விகிதமும் அதேதான். மாறியது காலம் மட்டும்.

ஐந்து வருஷம் கட்டியும் கடன் ஏன் குறையவில்லை?

வீட்டுக் கடன் வாங்கியவர்கள் அடிக்கடி அதிர்ச்சியாகும் இடம் இது. முதல் மாதத் தவணையான 43,391 ரூபாயில் 35,417 ரூபாய் வட்டிக்கே போய்விடும். அசலில் கழிவது 7,974 ரூபாய். காரணம் எளிது. பாக்கி இருக்கும் அசலுக்குத்தான் ஒவ்வொரு மாதமும் வட்டி போடுகிறார்கள், ஆரம்பத்தில் பாக்கி முழுசாக இருக்கிறது.

ஐந்து ஆண்டு ஒரு தவணைகூடத் தவறாமல் கட்டினால், உங்கள் கையிலிருந்து போனது 26 லட்சம். அசலில் குறைந்தது 6 லட்சத்துக்கும் சற்றுக் கீழே. இன்னும் 44 லட்சம் பாக்கி. பாதி அசல் தீர்வதற்கு 13 ஆண்டு 10 மாதம் ஆகும். ஐந்தாறு வருஷத்தில் வீட்டை விற்றுவிட்டு வேறு ஊருக்குப் போகலாம் என்ற யோசனை இருப்பவர்கள் இந்தக் கணக்கை மறக்கக் கூடாது.

இதே காரணத்தால்தான், முன்கூட்டியே கட்டும் பணத்துக்கு எப்போது கட்டுகிறீர்கள் என்பதைப் பொறுத்து மதிப்பு மாறுகிறது. போனஸோ, ஊரில் நிலம் விற்ற பங்கோ 2 லட்சம் வருகிறது என்று வையுங்கள். முதல் ஆண்டு முடிவில் அதைக் கடனில் கட்டி, மாதத் தவணையை மாற்றாமல் காலத்தைக் குறைத்தால், 21 மாதம் முன்னதாகவே கடன் முடியும். மிச்சமாகும் வட்டி சுமார் 7.3 லட்சம். அதே 2 லட்சத்தை 15ஆம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் சுமார் 1 லட்சம்தான். மொத்தமாகப் பணம் வராது என்பவர்கள், முதல் மாதத்திலிருந்தே 5,000 ரூபாய் சேர்த்துக் கட்டினால் 20 ஆண்டுக் கடன் பதினைந்தரை ஆண்டில் முடியும். கிட்டத்தட்ட 14 லட்சம் வட்டி மிச்சம்.

மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைத்தால் அபராதம் வாங்கக் கூடாது என்பது ரிசர்வ் வங்கியின் விதி. பகுதியாகக் கட்டினாலும், முழுசாக முடித்தாலும் இதுதான். பணம் கட்டும்போது "இஎம்ஐயைக் குறைக்கவா, மாசத்தைக் குறைக்கவா?" என்று கேட்பார்கள். கேட்காவிட்டாலும் மாசத்தைக் குறைக்கும்படி எழுதிக் கொடுங்கள்.

வட்டி ஏறினால் என்ன நடக்கிறது?

2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்கப்பட வேண்டும். பெரும்பாலும் அது ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம். ரெப்போ மாறினால் மூன்று மாதத்துக்குள் உங்கள் வட்டியும் மாறும்.

2022 ஏப்ரலில் ரெப்போ 4 சதவீதமாக இருந்தது. மே 2022 முதல் பிப்ரவரி 2023 வரை ஆறு முறை உயர்ந்து 6.5 சதவீதத்தைத் தொட்டது. அந்தச் சமயத்தில் பலருக்கு மாதத் தவணை மாறவே இல்லை. "நமக்கு ஒண்ணும் ஏறலையே" என்று நிம்மதியாக இருந்தார்கள். ஏறியது கடன் காலம். வங்கி தவணையைத் தொடாமல் மாதங்களைக் கூட்டிக்கொண்டே போனது.

இது எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு ஒரு கணக்கு. 6.75 சதவீதத்தில் 50 லட்சம், 20 ஆண்டு என்றால் தவணை 38,018 ரூபாய். வட்டி இரண்டரை சதவீதம் ஏறி 9.25 ஆனால், 50 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி மட்டும் 38,542 ரூபாய். தவணை வட்டிக்கே போதவில்லை. மாதாமாதம் ஒழுங்காகக் கட்டிக்கொண்டே இருப்பீர்கள், கடன் கூடிக்கொண்டே போகும்.

ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட் 18 அன்று வெளியிட்ட உத்தரவு இதற்காகத்தான். வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டிப்பதா, இரண்டையும் கலந்து செய்வதா என்ற தேர்வை வாடிக்கையாளருக்குத் தர வேண்டும். அசலைக் கூட்டிவிடும் அளவுக்குக் காலத்தை நீட்டக் கூடாது. இதுவரை வசூலான அசல், வட்டி, மீதமுள்ள தவணைகளின் எண்ணிக்கை ஆகியவற்றைக் காட்டும் அறிக்கையை மூன்று மாதத்துக்கு ஒருமுறை தர வேண்டும். அந்த அறிக்கை வந்தால் தவணைத் தொகையைப் பார்ப்பதோடு விடாதீர்கள். மீதி எத்தனை தவணை என்ற எண்ணைப் பாருங்கள். போன முறையைவிட மூன்று குறைந்திருக்க வேண்டும். கூடியிருந்தால் கிளைக்குப் போய்க் கேளுங்கள்.

2025 பிப்ரவரியிலிருந்து டிசம்பர் வரை நான்கு முறை குறைந்து ரெப்போ 5.25 சதவீதத்துக்கு வந்தது. அந்தக் குறைப்பு உங்கள் கணக்குக்கு வந்ததா என்பது வேறு கேள்வி. வீட்டுக்கடன் நிதி நிறுவனங்களில் வாங்கியிருந்தால் 2019 விதி பொருந்தாது, அவை தங்கள் சொந்த அளவுகோலையே வைத்திருக்கின்றன. மைசூருவில் இன்னொரு கூட்டமும் இருக்கிறது. 1913இல் தொடங்கிய மைசூரு வங்கி, பின்னால் ஸ்டேட் பேங்க் ஆஃப் மைசூர் ஆகி, 2017 ஏப்ரல் 1இல் எஸ்பிஐயோடு இணைந்தது. அந்தக் காலத்தில் கடன் வாங்கி இன்னும் கட்டிக்கொண்டிருப்பவர்கள், தங்கள் கடன் பழைய அடிப்படை வட்டியிலா, எம்சிஎல்ஆரிலா, ரெப்போவிலா என்று ஒருமுறை பார்த்துவிடுவது நல்லது. வங்கிக் கடனைப் பழைய முறையிலிருந்து புதிய முறைக்கு மாற்றிக்கொள்ள வழி உண்டு. 44 லட்சம் பாக்கி, 15 ஆண்டு மீதி என்ற நிலையில் அரை சதவீதம் குறைந்தாலே, தவணையை மாற்றாமல் கட்டினால் 10 மாதம் முன்னதாக முடியும். சுமார் 4.3 லட்சம் மிச்சம்.

பத்திரப் பதிவு, காத்தா: கடனில் வராத செலவுகள்

கர்நாடகத்தில் 45 லட்சத்துக்கு மேற்பட்ட சொத்துக்கு முத்திரைத் தீர்வை 5 சதவீதம். அந்தத் தீர்வையின் மேல் 10 சதவீதம் செஸ், நகர்ப்புறத்தில் 2 சதவீதம் சர்சார்ஜ். பதிவுக் கட்டணம் 2025 ஆகஸ்ட் 31 முதல் 1 சதவீதத்திலிருந்து 2 சதவீதமாகிவிட்டது. எல்லாம் சேர்த்தால் 7.6 சதவீதம். 70 லட்ச வீட்டுக்கு 5 லட்சத்து 32 ஆயிரம். இதை வீட்டின் மதிப்பில் சேர்த்துக் கடன் கேட்க முடியாது, கையிலிருந்துதான் போக வேண்டும். கட்டி முடிக்காத அடுக்குமாடி வீடு என்றால் 5 சதவீத ஜிஎஸ்டி தனி, அது இன்னொரு 3.5 லட்சம். நிறைவுச் சான்றிதழ் வாங்கிய வீட்டுக்கு ஜிஎஸ்டி இல்லை.

ஆக, 20 லட்சம் கைப்பணம், 5.32 லட்சம் பதிவுச் செலவு, 1 கோடியே 4 லட்சம் தவணை. 70 லட்ச வீட்டுக்கு மொத்தம் 1 கோடியே 29 லட்சம். சொத்து வரி, பராமரிப்பு, பத்து வருஷத்துக்கு ஒருமுறை வரும் பெயின்ட் செலவெல்லாம் இதில் சேரவில்லை.

தமிழ்நாட்டிலிருந்து வந்து இங்கே வீடு வாங்குபவர்கள் பலர் 'காத்தா' விஷயத்தில் ஏமாந்துபோகிறார்கள். காத்தா என்பது உள்ளாட்சி அமைப்பின் பதிவேட்டில் உங்கள் சொத்துக்கு இருக்கும் கணக்கு. நம்மூர் பட்டா மாதிரி என்று தரகர் சொல்வார், அப்படியல்ல. 'ஏ காத்தா' என்றால் அங்கீகாரம் எல்லாம் சரியாக இருக்கும் சொத்து. 'பி காத்தா' என்றால் ஏதோ ஒரு அனுமதி இல்லாதது, வரி வசூலுக்காக மட்டும் பதிந்து வைத்திருப்பது. விலை குறைவாக இருக்கிறதே என்று பி காத்தா வீட்டைப் பார்த்தால், பல வங்கிகள் கடன் தரத் தயங்கும். தரும் நிறுவனங்கள் கூடுதல் வட்டி கேட்கும். 8.5க்குப் பதில் 10 சதவீதம் என்றால், 50 லட்சத்துக்கு 20 ஆண்டில் 11.66 லட்சம் அதிகம். விலையில் கிடைத்த தள்ளுபடி அங்கே கரைந்துவிடும், விற்கும்போது அடுத்தவருக்கும் இதே சிக்கல்.

கடனோடு சேர்த்துத் தலையில் கட்டப்படும் காப்பீட்டையும் கவனியுங்கள். "கம்பல்சரி சார்" என்பார்கள். அவர்கள் சொல்லும் நிறுவனத்தில்தான் எடுக்க வேண்டும் என்று எந்த விதியும் இல்லை. ஒன்றரை லட்சம் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிட்டால், 20 ஆண்டில் அதற்கு நீங்கள் கட்டுவது 3 லட்சத்து 12 ஆயிரம். குடும்பத்துக்குப் பாதுகாப்பு வேண்டும்தான். தனியாக ஒரு டேர்ம் பாலிசியின் விலையைக் கேட்டுவிட்டு முடிவு செய்யுங்கள்.

2024 அக்டோபர் 1 முதல், கடன் தருவதற்கு முன்பே 'முக்கிய விவர அறிக்கை' ஒன்றைத் தர வேண்டும். செயல்முறைக் கட்டணம், காப்பீடு எல்லாம் சேர்த்த உண்மையான ஆண்டு வட்டி அதில் ஏபிஆர் என்ற பெயரில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட அந்த ஒரு எண் போதும்.

"வரி மிச்சமாகுமே?"

பழைய வரி முறையில், குடியிருக்கும் வீட்டுக்கான கடன் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிக்கலாம். நம் கணக்கில் முதல் ஆண்டு வட்டி 4.21 லட்சம், பாதிக்கு மேல் சலுகைக்கு வெளியே. புதிய வரி முறையில் சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்கு இந்தச் சலுகையே கிடையாது, இப்போது நீங்களாகக் கேட்காவிட்டால் புதிய முறைதான் பொருந்தும். வரிக்காகக் கடனை இழுத்துக்கொண்டே போகிறேன் என்பவர்கள், முதலில் தாங்கள் எந்த முறையில் இருக்கிறோம் என்று பார்க்க வேண்டும்.

அப்போ கடனே வாங்கக் கூடாதா?

அப்படிச் சொல்வது நியாயமில்லை. 20 ஆண்டு கழித்துக் கட்டும் 43 ஆயிரத்துக்கு இன்றைய 43 ஆயிரத்தின் மதிப்பு இருக்காது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறும் என்று வைத்தால், நீங்கள் கட்டப்போகும் 1 கோடியே 4 லட்சத்தின் இன்றைய மதிப்பு சுமார் 66 லட்சம். வட்டிக் கணக்கை மட்டும் காட்டிப் பயமுறுத்தும் வாட்ஸ்அப் செய்திகள் இதைச் சொல்வதில்லை. சம்பளம் ஏற ஏறத் தவணை பாரம் குறையும், வாடகையோ ஏறும். நீங்கள் பார்த்த அதே தெருவில் அதே அளவு வீட்டுக்கு வாடகை எவ்வளவு என்று விசாரியுங்கள். வாடகைக்கும் தவணைக்கும் நடுவிலுள்ள தொகையை மாதாமாதம் நிஜமாகவே சேமிக்கும் பழக்கம் உங்களுக்கு உண்டென்றால் வாடகை வீடு லாபமாக இருக்கலாம். அந்தப் பழக்கம் எத்தனை பேருக்கு இருக்கிறது என்பதை அவரவர்தான் சொல்ல வேண்டும்.

கடைசித் தவணை கட்டிய பிறகு

கடன் முடிந்ததும் கடன் தீர்ந்ததற்கான சான்றிதழை வாங்குங்கள். முழுத் தொகையும் கட்டிய 30 நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், தங்கள் தவறால் தாமதித்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்ற விதி 2023 டிசம்பர் 1 முதல் அமலில் இருக்கிறது. பத்திரம் கைக்கு வந்துவிட்டது என்று பீரோவில் வைத்துவிடாதீர்கள். அடமானம் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவாகியிருந்தால், அதை நீக்கும் ஆவணமும் பதிவாக வேண்டும். அது முடிந்ததும் காவேரி 2.0 தளத்தில் வில்லங்கச் சான்று எடுத்து, வங்கியின் பெயர் நீங்கியிருக்கிறதா என்று பாருங்கள்.