நாற்காலி மாறாத பரிசோதனை: ரிவர்ஸ், தோடர், கல்வராயன்

கல்வராயன் மலைவாசிகளைப் பற்றிக் கீழே கள்ளக்குறிச்சியில் பேசப்படுவதில் பாதி, பெயர் சூட்டப்படாத உளவியல்தான். மலையாளிப் பழங்குடியினர் சூதுவாது அறியாதவர்கள், படிப்பு ஏறாது, சாராயம் காய்ச்சுவது ரத்தத்தில் ஊறியது. 2024 ஜூனில் கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயம் அறுபதுக்கும் மேற்பட்டோரைக் கொன்றபோதும் இதே பேச்சு காதில் விழுந்தது. மெத்தனால் என்ன மலையிலா விளைகிறது?

ஒரு சமூகத்தின் ‘மனம்’ இன்னது என்று சொல்ல எது சான்றாகும்? இந்தக் கேள்வியோடு, கருவிகளையும் தூக்கிக்கொண்டு 1901-02இல் நீலகிரி ஏறியவர் டபிள்யூ.எச்.ஆர். ரிவர்ஸ். கேம்பிரிட்ஜில் பரிசோதனை உளவியல் கற்பித்தவர். 1898இல் டோரஸ் நீரிணைத் தீவுகளில் இதே வேலையைச் செய்துவிட்டு வந்தவர். சென்னை அருங்காட்சியகத்தின் எட்கர் தர்ஸ்டன் அப்போது இங்குள்ள சாதிகளின் மூக்கையும் மண்டையையும் அளந்துகொண்டிருந்தார். ரிவர்ஸ் அளந்தது மூக்கை அல்ல, பார்வையை.

‘காட்டுமிராண்டி’களுக்குப் புலன்கள் கூர்மை, ஆற்றலெல்லாம் அதிலேயே செலவாவதால் அறிவு மந்தம் என்பது அன்றைய ஐரோப்பியப் படிப்பாளிகளின் நம்பிக்கை. தோடர்களின் கண்ணைச் சோதித்ததில் அப்படியொன்றும் அசாதாரணக் கூர்மை தென்படவில்லை. அடுத்து முல்லர்-லயர் உருவம். சம நீளமுள்ள இரண்டு கோடுகள். ஒன்றின் முனைகளில் சிறகுகள் உள்நோக்கி மடிந்திருக்கும், மற்றதில் வெளிநோக்கி விரிந்திருக்கும். விரிந்தது நீளமாகத் தோன்றும். இதில் ஆங்கிலேயர்கள்தான் அதிகம் ஏமாந்தார்கள், தோடர்கள் குறைவாக. ஆனால் செங்குத்துக் கோட்டையும் கிடைக்கோட்டையும் ஒப்பிடச் சொன்னபோது தோடர்கள் அதிகம் ஏமாந்தார்கள். 1905இல் வெளியான இந்த முடிவுகளை வைத்துக்கொண்டு யாரையும் ஏணியின் மேல்படியில் ஏற்றிவைக்க முடியாது. ஒரே உருவம், ஒரே கேள்வி, பல பேர்: முன்முடிவு தோற்பதற்கு இந்த முறை வழிவிடுகிறது. அறிவியல் என்றாலே ஆதிக்கம் என்று கையைக் கழுவிவிடும் நம் தோழர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்கலாம்.

எண் தானாகப் பேசுவதில்லை என்பதும் உண்மை. கோடுகளைத் தனித்தனியாகக் கவனித்தார்கள், முழு உருவத்தை அல்ல என்பது ரிவர்ஸின் விளக்கம். தச்சர் கை பட்ட செங்கோணங்களுக்கிடையே வாழ்வதால்தான் மேற்கத்தியக் கண் ஏமாறுகிறது என்றார்கள் 1966இல் சீகலும் கேம்ப்பெல்லும் ஹெர்ஸ்கோவிட்ஸும். சர்ச்சை தீர்ந்தபாடில்லை.

இன்னொரு பரிசோதனை. 1903இல் ஹென்றி ஹெட் என்ற மருத்துவர் தன் கையின் நரம்பைத் தானே வெட்டிக்கொள்ள முன்வந்தார். உணர்வு திரும்புவதை நான்கு ஆண்டுகள் ஊசியால் குத்திக் குத்திப் பதிவுசெய்தவர் அதே ரிவர்ஸ். 1908இல் வெளியான கட்டுரையில் இருவர் பெயரும் இருந்தது. 1879இல் லைப்சிக்கில் வுண்ட் தொடங்கிய ஆய்வுக்கூடத்திலும் சோதிப்பவரும் சோதிக்கப்படுபவரும் இடம் மாறி உட்கார்ந்தார்கள். உளவியல் தன் ‘சோதனைப் பொருளை’ எப்படிக் கட்டமைத்தது என்பதை 1990இல் விரிவாக எழுதிய குர்ட் டான்சிகர் சுட்டுவது இதைத்தான். நீலகிரியில் நாற்காலி மாறவில்லை. வலிக்கிறதா என்று தோடரிடம் கேட்கப்பட்டது. எதற்காகக் குத்துகிறீர்கள் என்று கேட்கும் இடத்தில் அவர் இல்லை.

ஆனால் ஒரு பதில் வந்தது, அதை ரிவர்ஸே 1906ஆம் ஆண்டு நூலில் பதிவுசெய்திருக்கிறார். அது அவருடைய நேர்மை. சடங்கு ரகசியங்களை அவருக்குச் சொன்ன சிலருக்கு அடுத்தடுத்துக் கேடுகள் நேர்ந்தன. அந்நியரிடம் சொன்னதால் தெய்வங்களுக்குக் கோபம் என்றார்கள் குறிசொல்பவர்கள். அதன்பின் வாய்திறக்க ஆள் கிடைப்பது கஷ்டமாயிற்று. கட்டுப்பாட்டுக் குழு இல்லாத காரணகாரியம்தான், சரி. ஆனாலும் ஆராய்ச்சி எங்களை என்ன செய்கிறது என்ற கேள்வி, ஆராயப்பட்டவர்களிடமிருந்தே எழுந்துவிட்டது.

வெள்ளிமலை உண்டு உறைவிடப் பள்ளிக்கு நாளை ஓர் ஆய்வாளர் வினாப்பட்டியலோடு போகிறார் என்று வைத்துக்கொள்வோம். “எதிர்காலம் குறித்து நம்பிக்கையோடிருக்கிறேன்: 1 முதல் 5க்குள் குறிக்கவும்.” மலைக்குக் காகிதத்தோடு வருகிறவர் யார்? வனத்துறை, போலீஸ், வருவாய்த்துறை. பிள்ளை பதில் சொல்வது வினாவுக்கல்ல, காகிதத்துக்கு. வம்பில்லாமல் 3ஐச் சுழித்துவிடும். அந்த 3 ஊக்கக்குறைவு என்று அட்டவணை ஏறும். கள்ளக்குறிச்சி நகரப் பிள்ளைகளோடு ஒப்பிட்டால் சாலை, சாப்பாடு, பாடப்புத்தகத் தமிழ் எல்லாமே வேறு. வித்தியாசம் எதனால் வந்தது என்று பிரித்தெடுக்க வழியில்லை. மனத்தின் கணக்கில் எழுதிவிடுவதுதான் சுலபம்.

அதே பிள்ளைகள் பத்துக் கேள்விகளைத் தாங்களே எழுதி, மலைக்குக் காகிதத்தோடு வந்த அதிகாரிகளிடமும் அந்த ஆய்வாளரிடமும் கேட்டு, 1 முதல் 5 வரை குறிக்கச் சொல்லட்டும். அந்த அட்டவணையையும் ஆய்வேட்டின் அதே பக்கத்தில் அச்சிட வேண்டும்.