யூதர் வேறு, இஸ்ரேல் அரசு வேறு: நம் பிள்ளைகளுக்கு நாம் என்ன சொல்கிறோம்?

காஸாவில் குண்டு விழுந்த செய்தி வரும்போதெல்லாம் கம்பம், உத்தமபாளையம், போடி, பெரியகுளம் என நம் பகுதி வீடுகளில் பிள்ளைகள் ஒரு கேள்வி கேட்கிறார்கள்: "யூதர்கள் எல்லோருமே இப்படித்தானா?" கோபத்தில் 'ஆமாம்' என்று சொல்லிவிடுவது எளிது. அந்தப் பதில் உண்மையும் ஆகாது, மார்க்கம் நமக்குக் கற்றுத்தந்த நீதியும் ஆகாது. சரியான பதிலைத் தெரிந்துகொள்வோம்.

யூதர் யார்? சியோனிசம் எது?

யூத மதம் மூஸா (அலை) அவர்களின் வழிவந்ததாகத் தன்னைச் சொல்லிக்கொள்ளும் பழைய மதம். அதன் மக்கள் பல நாடுகளில், பல மொழிகள் பேசி வாழ்ந்தவர்கள். சியோனிசம் 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஐரோப்பாவில் தோன்றிய அரசியல் இயக்கம். அதன் முதல் மாநாடு 1897ல் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் நடந்தது. அந்த இயக்கத்தின் விளைவாக 1948ல் உருவானது இஸ்ரேல். தேசியத் தன்னுரிமை யூத மக்களுக்கு மட்டுமே உரியது என்று 2018ல் அந்த நாடு சட்டமே இயற்றியது. உலக யூதர் அனைவரின் பெயராலும் ஓர் அரசு பேசுவதால்தான் பிள்ளைகளுக்கு இந்தக் குழப்பம் வருகிறது.

மலைக்கு அந்தப் பக்கம்

யூதர்கள் நமக்குத் தொலைதூரத்து மக்கள் அல்லர். கம்பத்திலிருந்து குமுளி வழியாக மலையேறி இறங்கினால் ஒரு பகலில் கொச்சி. அங்கே மட்டாஞ்சேரியில் 1568ல் கட்டப்பட்ட யூத வழிபாட்டுத்தலம் இன்றும் இருக்கிறது. கி.பி. 849ஆம் ஆண்டின் கொல்லம் செப்பேட்டில் சாட்சிக் கையெழுத்துகள் அரபியின் கூஃபி எழுத்திலும் எபிரேய எழுத்திலும் உள்ளன. முஸ்லிம் வணிகரும் யூத வணிகரும் ஒரே ஆவணத்தில் சாட்சி நின்றிருக்கிறார்கள்.

1950களில் கொச்சி யூதர்களில் பெரும்பாலோர் இஸ்ரேலுக்குக் குடிபெயர்ந்தனர். அவர்கள் குடியமர்த்தப்பட்ட ஊர்களில் ஒன்று ஜெருசலம் போகும் வழியிலுள்ள மெசிலாத் சீயோன். அது 1948ல் மக்கள் விரட்டப்பட்ட பைத் மஹ்ஸீர் என்ற பாலஸ்தீனக் கிராமத்தின் நிலத்தில் அமைந்தது. அந்தக் கிராமம் காலியானபோது கொச்சி யூதர்கள் கொச்சிப் பகுதியில்தான் இருந்தார்கள். விரட்டிய குற்றம் அவர்களுடையது அல்ல. ஆனால் தாங்கள் உழும் நிலம் யாருடையது, அதற்கு உரியவர்கள் எங்கே போனார்கள் என்ற கேள்வி அவர்களையும் அவர்கள் பிள்ளைகளையும் விடாது. குற்றம் வேறு, பொறுப்பு வேறு என்பதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் வேண்டியதில்லை.

எதிர்த்து நின்ற யூதர்கள்

இந்தப் பொறுப்பை உணர்ந்து பேசிய யூதர்கள் தொடக்கம் முதலே இருந்திருக்கிறார்கள். பள்ளிப் பாடத்தில் நாம் படித்த மாண்டேகு-செம்ஸ்போர்டு சீர்திருத்தத்தின் எட்வின் மாண்டேகு ஒரு யூதர். 1917ல் இந்தியாவுக்கான பிரிட்டிஷ் அமைச்சராக இருந்தார். பால்ஃபர் பிரகடனம் தயாரானபோது அமைச்சரவையில் இருந்த ஒரே யூதரான அவரே அதைக் கடுமையாக எதிர்த்தார். பாலஸ்தீனத்தின் முஸ்லிம்களும் கிறிஸ்தவர்களும் இடம்விட்டு அகற்றப்படுவார்கள், மற்ற நாடுகளில் வாழும் யூதர்கள் அந்நியராக்கப்படுவார்கள் என்று எச்சரித்தார். 1922ல், துருக்கி தொடர்பாக இந்திய முஸ்லிம்கள் வைத்த கிலாஃபத் கோரிக்கைக்கு ஆதரவான இந்திய அரசின் தந்தியை அமைச்சரவை அனுமதியின்றி வெளியிட்டதால் பதவியையே இழந்தார்.

1948 ஏப்ரலில் தெய்ர் யாசின் கிராமத்தில் படுகொலை நடந்தது. அதே ஆண்டு டிசம்பரில் அறிவியலாளர் ஐன்ஸ்டீன், சிந்தனையாளர் ஹன்னா அரெண்ட் உள்ளிட்ட யூதர்கள் அதைக் கண்டித்து நியூயார்க் டைம்ஸ் நாளிதழுக்குக் கூட்டாகக் கடிதம் எழுதினர். இன்று இஸ்ரேலுக்குள்ளேயே இயங்கும் பெத்செலம் என்ற மனித உரிமை அமைப்பு, 2021ல் தன் நாட்டு ஆட்சியை நிறவெறி ஆட்சி என்றது. 2025 ஜூலையில், காஸாவில் நடப்பது இனப்படுகொலை என்று அறிவித்தது. 2023 அக்டோபரில் அமெரிக்க நாடாளுமன்ற வளாகத்தில் போர்நிறுத்தம் கேட்டு அமர்ந்து நூற்றுக்கணக்கில் கைதானவர்களும் யூதர்களே. தங்கள் பெயரால் இந்தக் கொலைகள் வேண்டாம் என்பதே அவர்கள் சொன்னது.

இது நமக்கும் தெரிந்த வலி

எங்கோ யாரோ செய்த குற்றத்துக்கு நம்மிடம் விளக்கம் கேட்கப்படுவதை நாம் அனுபவித்திருக்கிறோம். 2008 நவம்பரில் மும்பையில் தாக்குதல் நடந்தபோது யூத மையமான நரிமன் இல்லத்திலும் அப்பாவிகள் கொல்லப்பட்டனர். கொல்லப்பட்ட பயங்கரவாதிகளின் உடல்களைத் தங்கள் கபரஸ்தானில் அடக்க மும்பை முஸ்லிம்கள் மறுத்துவிட்டனர். அந்தக் குற்றத்தில் அவர்களுக்குப் பங்கில்லை. ஆனால் இஸ்லாத்தின் பெயரைச் சொல்லி நடந்த கொலைக்கு மௌனம் போதாது என்று அவர்கள் முடிவு செய்தார்கள். யூதர்களிடம் நாம் எதிர்பார்ப்பதும் இதே பொறுப்புதான். அதற்கு மேல் பிறப்பை வைத்துப் பழி சுமத்தினால், நமக்கு எது அநியாயமோ அதையே நாம் பிறருக்குச் செய்தவர்களாவோம்.

குர்ஆன் தரும் அளவுகோல்

மதீனாவில் முஸ்லிம் என்று அறியப்பட்ட ஒருவர் ஒரு கவசத்தைத் திருடிவிட்டு, பழியை ஒரு யூதர் மீது போட்டார். அவருடைய குடும்பத்தார் அவருக்காகப் பரிந்து பேசினர். அப்போது அந்த யூதர் நிரபராதி என்பதை உணர்த்தி சூரா அந்நிஸாவின் 105ஆம் வசனம் முதலான வசனங்கள் இறங்கின என்று தஃப்ஸீர் நூல்களில் அறிவிப்பு உண்டு. யூதக் குலங்களுடன் உறவு கசந்திருந்த காலம் அது. அப்போதும் நீதியின் தராசு சாயவில்லை. ஒரு கூட்டத்தார் மீதான வெறுப்பு நீதி தவறக் காரணமாகக் கூடாது என்ற கட்டளை அல்மாயிதா 5:8ல் இருக்கிறது. வேதக்காரர்கள் எல்லோரும் ஒரே மாதிரியானவர்கள் அல்லர் என்பதை ஆலு இம்ரான் 3:113 சொல்கிறது.

இதே தராசில்தான் 2023 அக்டோபர் 7 தாக்குதலில் கொல்லப்பட்ட இஸ்ரேலியப் பொதுமக்களையும், அதன் பிறகு காஸாவில் கொல்லப்பட்ட பல்லாயிரம் பெண்களையும் குழந்தைகளையும் வைத்துப் பார்க்க வேண்டும். போரில்கூடப் பெண்களையும் குழந்தைகளையும் கொல்ல நபி (ஸல்) அவர்கள் தடை விதித்தார்கள்.

நம் வீட்டில் செய்ய வேண்டியவை

முதலில், சொல்லைத் திருத்துவோம். குண்டு போடுவது இஸ்ரேல் அரசும் அதன் ராணுவமும். 'யூதன் கொல்கிறான்' என்று சொல்லும்போது, காஸாவுக்காகக் கைதான யூதரையும் குற்றவாளியாக்கி விடுகிறோம்.

அடுத்து, வாட்ஸ்அப்பில் சுற்றும் ஹிட்லர் புகழ்ச்சியை நிறுத்துவோம். சில யூதர்களை விட்டுவைத்ததற்கான காரணம் என்று ஹிட்லர் சொன்னதாக வரும் வாசகம் ஆதாரமற்ற பொய். அவன் கொன்ற சுமார் 60 லட்சம் யூதர்களில் கைக்குழந்தைகளும் உண்டு. குழந்தைகளைக் கொன்றவனைப் புகழ்ந்துகொண்டு காஸாவின் குழந்தைகளுக்காக நாம் கண்ணீர் விட முடியாது.

மூன்றாவதாக, பாலஸ்தீனத்துக்கான நம் குரல் தளரக் கூடாது. துஆவும் நிதியும் அறவழிப் போராட்டமும் தொடரட்டும். வெறுப்பு கலக்காத குரலையே நியாயமுள்ள எவரும் காது கொடுத்துக் கேட்பார்கள்.

அல்லாஹ் பாலஸ்தீன மக்களுக்கு விடுதலையையும் அமைதியையும், நமக்கு நீதி தவறாத நாவையும் தந்தருள்வானாக. ஆமீன்.