இடைநின்று இணைத்தோர்: ஜப்பானியர் மணவழக்கின் வரலாறு

ஜப்பான் நாட்டில் இரு குடும்பங்களுக்கு இடையே நின்று மணம் பேசி முடிப்பவருக்கு நக்கோடோ என்று பெயர். தரகர் என்று அதனைத் தமிழாக்கினால் பொருள் சிறுத்துவிடும். கூலி பெற்று அதனையே தொழிலாகச் செய்தவரும் உண்டு. எனினும் உறவில் மூத்தவர், ஊர்ப் பெரியவர், ஆசிரியர், அலுவலக மேலாளர் எனப் பலதிறத்தாரும் இப்பொறுப்பை ஏற்றனர். மணவிழாவில் நக்கோடோவும் அவர்தம் மனைவியும் மணமக்களுக்கு அருகில் அமர்வர். விழா முடிந்தபின்னும் அவர் கடமை முடிவதில்லை. பின்னாளில் கணவன் மனைவியரிடையே பிணக்கு நேரின் இருவரும் சென்று முறையிடும் இடம் அவர் இல்லமே.

பெண் பார்த்தல் என்று தமிழர் வழங்கும் நிகழ்ச்சியை ஜப்பானியர் ‘மியாய்’ என்பர். மதிப்பு முன்னொட்டுச் சேர்த்து ‘ஓமியாய்’ எனவும் கூறுவர். ஒருவரையொருவர் பார்த்தல் என்பதே அச்சொல்லின் பொருள். பெண் பார்க்கப்படுபவள், ஆண் பார்ப்பவன் என்னும் பிரிவு சொல்லளவில் இல்லை. சொல்லில் அமைந்த அச்சமன் வாழ்விலும் அமைந்ததா என்பதே இம்மணவழக்கின் வரலாறு எழுப்பும் வினா.

மிகப் பழங்காலத்தில் அந்நாட்டு உயர்குடியினரிடையே கணவன் இரவில் மனைவியின் இல்லம் சென்று வரும் வழக்கம் இருந்தது. பதினோராம் நூற்றாண்டின் தொடக்கத்தில் முரசாக்கி ஷிக்கிபு என்னும் அரசவைப் பெண்மணி இயற்றிய ‘கெஞ்சி கதை’யில் இவ்வழக்கத்தைக் காணலாம். பின்னர்ப் போர்மறவரான சாமுராய்கள் கை ஓங்கியபோது மணமகள் கணவன் வீடு புகும் முறை வேரூன்றியது. மணம் இரு படைகளை இணைக்கும் உடன்படிக்கையாகவும் ஆயிற்று. 1615இல் தோக்குகாவா அரசு விதித்த சட்டத்தில், குறுநில மன்னர்கள் தம்முள் தனியே மணவுறவு கொள்ளலாகாது என்பதும் ஒரு விதி. மணப்பந்தலில் தனக்கு எதிரான கூட்டணி உருவாகிவிடுமோ என்னும் அச்சமே அதற்குக் காரணம்.

இவையெல்லாம் சிறுபான்மையினரின் வழக்கங்கள். சாமுராய்க் குடியினர் அந்நாட்டு மக்களுள் நூற்றுக்குப் பத்துப் பேர்கூட இல்லை. உழவரும் மீனவரும் வாழ்ந்த சிற்றூர்கள் பலவற்றில் இளைஞர் குழுக்கள் இருந்தன. ஊருக்குள்ளேயே ஒருவரையொருவர் அறிந்து விரும்பியவர்களைப் பெற்றோர் பின்னர் ஏற்றுக்கொண்டனர். தமிழில் களவும் கற்பும் கற்றவர்க்கு இதில் வியப்பில்லை. பின்னாளில் ‘நம் தொன்மரபு’ என்று ஜப்பானியர் போற்றிய ஓமியாய், நாட்டு மக்கள் அனைவர்க்கும் உரியதானது 1868க்குப் பிற்பட்ட மெய்ஜி காலத்திலேதான். இருப்புப்பாதையும் பள்ளிக்கூடமும் நகர வேலையும் ஊர் எல்லையை உடைத்தன. அயலூரில் வரன் தேடும் தேவை எழுந்தது. அறியாத குடும்பத்தை அறிந்து சொல்ல ஒருவர் வேண்டியிருந்தது. மறவர் வழக்கம் மக்கள் வழக்கமான வழி இது.

இவ்வழக்கின் நுட்பம் மணத்தை முடிப்பதில் இல்லை, மறுப்பதில் இருக்கிறது. நக்கோடோ முதலில் இருவரின் நிழற்படத்தையும் குடும்ப விவரம் எழுதிய தாளையும் பரிமாறுவார். பின்னர் அண்டை வீட்டார், கடைக்காரர், ஆசிரியர் முதலியோரிடம் உசாவி அறிவர். அதன்பிறகே சந்திப்பு. அதுவும் பெரும்பாலும் பெண் வீட்டில் நிகழ்வதன்று. நாடக அரங்கு, உணவகம், பூத்த செர்ரி மரங்கள் சூழ்ந்த பூங்கா போன்ற பொது இடத்தில், தற்செயலாகக் கண்டாற்போல் அமைவது. விருப்பமில்லையெனில் எவரும் நேரில் சொல்வதில்லை. மறுநாளோ அதற்கு மறுநாளோ நக்கோடோவிடம் தெரிவிப்பர். அவர் எதிர்த்தரப்பிடம் சென்று, தகுதிக்கு மிஞ்சிய இடம் என்றோ நாள் பொருந்தவில்லை என்றோ பக்குவமாகச் சொல்லி முடிப்பார். மறுத்தவர் முகமும் வாடாது. மறுக்கப்பட்டவர் மனமும் நோகாது. இரு குடும்பத்தாரும் அடுத்த நாள் தெருவில் எதிர்ப்பட்டால் தலைதாழ்த்தி வணங்கிச் செல்லலாம். கேசரியும் பஜ்ஜியும் உண்டு சென்றபின் விடை வாராமல் மாதக்கணக்கில் காத்திருந்த வீடுகளை அறிந்தவர்கள் இதன் அருமையை உணர்வர்.

உடன்பாடு ஏற்பட்டால் ‘யுய்னோ’ என்னும் நிச்சய வரிசை அனுப்பப்படும். கடல்சூழ் நாடாதலின் உலர்மீன் வகைகளும் அதில் உண்டு. அவற்றை விடுத்து மூன்று பொருள்களைக் குறிக்கலாம். கடற்பாசி, மக்கட்பேறு வேண்டி. விரியும் விசிறி, வாழ்வு மேன்மேலும் விரிக என்பதற்கு. வெண்ணிறச் சணல் நூல், இருவரும் நரைத்த தலையராகும்வரை இணைந்திருக்க. இவற்றோடு செல்லும் பணம் மணமகன் வீட்டாரிடமிருந்து பெண் வீட்டாருக்குச் செல்வது. வரதட்சணைச் சுமையறிந்த தமிழ்ப் பெற்றோர் இவ்வரியை இருமுறை படிக்கக்கூடும்.

பணம் எதிர்த்திசையில் செல்லும் இடமும் ஒன்றுண்டு. ஆண்மகவு இல்லாத குடும்பம் மருமகனையே மகனாகத் தத்தெடுத்துத் தன் குடும்பப் பெயரைச் சூட்டும். இவரை ‘முக்கோயோஷி’ என்பர். வீட்டோடு மாப்பிள்ளை என்று தமிழில் சொல்லும்போது தொனிக்கும் ஏளனம் அங்கு அத்துணை இல்லை. வணிகக் குடும்பங்கள் திறமையற்ற மகனினும் திறமையுள்ள மருமகனை மேலாகக் கருதின. இந்தியர் நன்கறிந்த சான்று ஒன்று உண்டு. மாருதி கார் இந்தியாவுக்கு வரக் காரணமாயிருந்த ஒசாமு சுசுக்கி பிறப்பால் மட்சுடா குடும்பத்தவர். நிறுவனர் மிச்சியோ சுசுக்கியின் பேத்தியை மணந்து, சுசுக்கி என்னும் பெயரை ஏற்று, 1958இல் அந்நிறுவனத்தில் சேர்ந்தவர்.

இத்தனை நயமும் மணமகளைக் காத்ததா? எடோ காலத்தில் கணவன் மூன்றரை வரியில் ஓர் ஓலை எழுதிக் கொடுத்தால் மணம் முறிந்தது. ‘மிக்குதாரிஹான்’ என்னும் அதன் பெயருக்கே மூன்றரை வரி என்பதுதான் பொருள். மனைவி அவ்வாறு எழுத இயலாது. கொடுமை தாளாத பெண்களுக்குக் கமாக்குரா நகரிலிருந்த தோக்கெய்-ஜி என்னும் பௌத்தப் பெண்துறவியர் மடம் புகலிடமாயிற்று. ஆட்சியாளர் ஹோஜோ தொக்கிமுனேயின் மனைவி துறவு பூண்டு 1285இல் நிறுவிய மடம் அது. குறித்த காலம் அங்கே தங்கிப் பணிசெய்த பெண்ணுக்குக் கணவன் மணவிலக்கு அளித்தே தீரவேண்டும். துரத்தி வருவோர் கைக்கு எட்டுமுன் தன் காலணியைக் கழற்றி வாயிலுக்குள் எறிந்துவிட்டாலே அவள் அடைக்கலம் புகுந்தவளாகக் கொள்ளப்படுவாள் என்று கூறுவர். துறவியர் தரும் அடைக்கலம் சமண இலக்கியம் பயின்றோர்க்குப் புதிதன்று. மதுரைப் புறஞ்சேரியில் கண்ணகியை மாதரியிடம் ஒப்படைத்த கௌந்தியடிகளை இங்கே நினைவுகூரலாம்.

மணவிலக்கு அரிதாக இருந்ததெனவும் எண்ணற்க. 1883இல் ஜப்பானில் ஆயிரம் மக்களுக்கு ஆண்டுதோறும் மூன்றுக்கு மேற்பட்ட மணவிலக்குகள் நிகழ்ந்தன. அந்நாளில் உலகில் மிக உயர்ந்த விகிதங்களுள் அதுவும் ஒன்று. மாமியாருக்குப் பிடிக்கவில்லை, குடும்ப வழக்கம் கற்கவில்லை என்பனவே மருமகளைத் திருப்பி அனுப்பப் போதுமாயிருந்தன. பெற்றோர் கூட்டிய மணம் முறியாது என்னும் நம்பிக்கை அந்நாட்டில் பொருந்தவில்லை.

1898இல் வந்த குடிமைச் சட்டம் மணத்தைப் பதிவுக்குட்படுத்திற்று. மணவிலக்கும் ஏறத்தாழப் பாதியாகக் குறைந்தது. ஆனால் அச்சட்டம் குடும்பத் தலைவனைச் சிற்றரசனாக்கியது. அவன் இசைவின்றிக் குடும்பத்தில் எவரும் மணக்கலாகாது. ஆண் முப்பது வயது வரையும் பெண் இருபத்தைந்து வயது வரையும் பெற்றோர் இசைவு பெறவேண்டும். மறுப்பதற்கு நக்கோடோ வழி வைத்திருந்தார். ஆனால் மறுக்கும் உரிமை மகளிடம் இல்லை, தந்தையிடம் இருந்தது.

அவ்வுரிமை இன்மையின் துயரைக் கடல் கடந்த மணமகளிர் வரலாற்றில் காணலாம். ஹவாய்க்கும் கலிபோர்னியாவுக்கும் கூலிவேலைக்குச் சென்ற ஜப்பானிய ஆடவர், ஊரிலிருந்த நக்கோடோ வழியே நிழற்படம் அனுப்பிப் பெண் கேட்டனர். பெண்ணின் பெயர் கணவனின் குடும்பப் பதிவேட்டில் ஏறியதும் மணம் முடிந்துவிட்டது. மணமகன் அங்கே, மணமகள் இங்கே. கப்பலிலிருந்து இறங்கியவர்கள் கையில் படத்துடன் துறைமுகத்தில் நின்ற முகங்களைத் தேடினர். பத்து, பதினைந்து ஆண்டுகளுக்கு முன் எடுத்த படத்தை அனுப்பியவர்களும், நண்பனின் படத்தை அனுப்பியவர்களும், இரவல் உடையில் நின்று படம் பிடித்துக்கொண்டவர்களும் இருந்தனர். திரும்பிச் செல்லக் கையில் பணமில்லாத பெண்கள் கரும்புத் தோட்டங்களில் வாழ்வைத் தொடங்கினர். அமெரிக்கரின் எதிர்ப்பால் ஜப்பானிய அரசு 1920இல் இத்தகைய மணமகளிர்க்குக் கடவுச்சீட்டு வழங்குவதை நிறுத்தியது.

உசாவி அறிதலும் எப்போதும் நல்லெண்ணத்தோடு நிகழவில்லை. தோல்பதனிடல் முதலிய தொழில் செய்தமையால் இழிவாக நடத்தப்பட்ட புராக்குமின் மக்களின் தாழ்நிலையை 1871ஆம் ஆண்டு ஆணை சட்டப்படி நீக்கியது. ஆயினும் மணப்பேச்சின்போது துப்பறிவோரை அமர்த்தி முன்னோர் ஊரைத் தோண்டிப் பார்த்தனர். அம்மக்கள் வாழும் ஊர்களின் பட்டியல் மறைவாக விற்கப்பட்டது 1975இல் வெளிவந்தது. மறு ஆண்டு குடும்பப் பதிவேட்டை அயலார் பார்ப்பது கட்டுப்படுத்தப்பட்டது.

சோதிடமும் தன் பங்கைச் செய்தது. தமிழாண்டுகளைப் போலவே அங்கும் அறுபதாண்டுச் சுழற்சி உண்டு. அதில் தீக்குதிரை ஆண்டில் பிறந்த பெண் கணவனை விழுங்குவாள் என்பது நம்பிக்கை. 1906இல் பிறந்த பெண்கள் பலர் வரன் கிடைக்காமல் அல்லலுற்றனர். 1966இல் அவ்வாண்டு மீண்டும் வந்தபோது பெற்றோர் பிள்ளைப்பேற்றையே தவிர்த்தனர். முந்தைய ஆண்டு 18 லட்சத்துக்கு மேலிருந்த பிறப்பு 13 லட்சத்து 60 ஆயிரமாக வீழ்ந்தது. மின்தொடர்வண்டி மணிக்கு 200 கிலோமீட்டர் வேகத்தில் ஓடத் தொடங்கிய நாட்டில் இது நிகழ்ந்தது. மூலம், செவ்வாய் என்று அஞ்சுவோர் தமிழகத்தில் மட்டும் இல்லை.

மாற்றம் எதிர்பாராத கையொன்றால் எழுதப்பட்டது. போரில் தோற்ற ஜப்பானுக்கு 1946 பிப்ரவரியில் அமெரிக்கப் படைத் தலைமையகம் அரசமைப்பு வரைந்தபோது, பெண்ணுரிமைப் பகுதி பியாத்தே சிரோட்டா என்னும் இருபத்திரண்டு வயதுப் பெண்ணிடம் ஒப்படைக்கப்பட்டது. வியன்னாவில் பிறந்து, பியானோ கலைஞரான தந்தையுடன் டோக்கியோவில் வளர்ந்தவர் அவர். முன்பின் கண்டறியாதவனுக்கு மனைவியாக்கப்பட்ட பெண்களைச் சிறுவயது முதல் அறிந்தவர். மணம் இருபாலாரின் இசைவு ஒன்றையே அடிப்படையாகக் கொள்ளும் என்னும் 24ஆம் உறுப்பு அவர் வரைவிலிருந்து உருவானது. 1947இல் அது நடைமுறைக்கு வந்தது; குடும்பத் தலைவனின் அதிகாரமும் நீங்கியது.

சட்டம் மாறியதும் ஓமியாய் மறைந்துவிடவில்லை. அதன் நற்காலம் அதன்பின்னரே தொடங்கியது எனலாம். கட்டாயம் போயிற்று, நக்கோடோ இருந்தார். 1948இல் முழுமையாக வெளிவந்த தனிசாக்கி ஜுன்இச்சிரோவின் ‘சசமேயுக்கி’ என்னும் நாவல், போருக்கு முந்தைய ஒசாக்கா வணிகக் குடும்பத்து மூன்றாம் மகள் யுக்கிக்கோவுக்கு வரன் தேடும் கதை. அவள் வாய்திறந்து மறுப்பதேயில்லை. தன் மௌனத்தாலேயே வரன்களைத் திருப்பி அனுப்புகிறாள். தமக்கைக்கு முடியாமல் தங்கைக்கு முடிக்கலாகாது என்பதால் கடைக்குட்டி காத்திருக்கிறாள். யுக்கிக்கோ மௌனமாகச் செய்ததைப் போருக்குப் பின்வந்த பெண்கள் வாய்விட்டுச் சொல்ல இயன்றது.

1930களில் நூறு மணங்களில் ஏறத்தாழ எழுபது ஓமியாய் வழியானவை. 1960களின் பிற்பகுதியில் காதல் மணங்கள் முந்தின. பட்டத்து இளவரசர் அக்கிஹித்தோ டென்னிஸ் களத்தில் சந்தித்த மிச்சிக்கோவை 1959இல் மணந்ததும் இளைஞர் மனத்தை ஈர்த்தது. 2010க்குப் பின்னர் ஓமியாய் நூற்றுக்கு ஐந்து என்னும் அளவுக்குக் குறைந்தது. அதே காலத்தில் மற்றொன்றும் நிகழ்ந்தது. 1970இல் ஐம்பது வயதிலும் மணமாகாத ஆடவர் நூற்றுக்கு இருவர்கூட இல்லை. 2020இல் நால்வரில் ஒருவருக்கு மேல். வேலை உறுதியின்மை, நீண்ட பணிநேரம், பெண்களின் தற்சார்பு எனக் காரணங்கள் பல. இணைத்து வைத்த பெரியவர்கள் மறைந்ததும் அவற்றுள் ஒன்று என மக்கள்தொகை ஆய்வாளர் கூறுவர். கூச்சமுள்ளவனுக்காக யார் பேசுவார்? மறுப்பை யார் பக்குவமாகக் கொண்டு சேர்ப்பார்? வரன் பார்த்துச் சொன்ன மூத்தோர் ஒவ்வொருவராய் மறைவதைக் காணும் சிறு சமுதாயங்கள் இவ்வினாக்களை நன்கறியும்.

இன்று ஜப்பானிய நகரங்களில் பிள்ளைகளுக்குப் பதிலாகப் பெற்றோரே கூடும் வரன் சந்திப்புகள் நடைபெறுகின்றன. அறுபது எழுபது வயதினர் மகன் மகள் விவரத்தாளைக் கையில் ஏந்தி மேசை மேசையாகச் செல்கின்றனர். டோக்கியோ பெருநகர அரசு 2024இல் வரன் தேடுவதற்கெனத் தானே ஒரு செயலியை வெளியிட்டது. அதில் சேர விரும்புவோர் தாம் மணமாகாதவர் என்பதற்கும் தம் வருமானத்துக்கும் சான்று தரவேண்டும்; நேர்காணலுக்கும் உடன்படவேண்டும். முன்பு நக்கோடோ அண்டை வீட்டுத் திண்ணையில் அமர்ந்து தேநீர் அருந்தியவாறே கேட்டறிந்த செய்திகள் இவை.