விட்டோரியோ தெ சேத்தாவின் ஒலித்தடம்: சார்தீனிய மேய்ப்பர்களும் இத்தாலியப் பேச்சும்

விட்டோரியோ தெ சேத்தாவைப் (1923–2011) பற்றி எழுதுவோர் பெரும்பாலும் அவருடைய ஒளிப்பதிவையே வியக்கின்றனர். வியக்கத்தக்கதுதான். பலேர்மோவில் பிறந்த அவர் 1954 முதல் 1959 வரை சிசிலி, கலாப்ரியா, சார்தீனியா பகுதிகளில் எடுத்த பத்துக் குறும்படங்களிலும் கேமரா பெரும்பாலும் அவர் கையில்தான் இருந்தது. ஆனால் சிறுபான்மை அடையாளத்தை அவர் எப்படிக் கையாண்டார் என்பதை அறிய, படங்களைப் பார்ப்பதைவிடக் கேட்பதே பயன்தரும் என்பது இக்கட்டுரையின் வாதம்.

அக்கால இத்தாலியில் இத்தகைய குறும்படங்கள் ஏறத்தாழப் பத்து நிமிடம் ஓடும். படம் நெடுகப் படித்தவர் ஒருவரின் குரல் விளக்கிக்கொண்டே வரும். தெ சேத்தா அந்தக் குரலை எடுத்துவிட்டார். தொடக்கத்தில் சில வரி எழுத்து. பிறகு களத்தில் நாடாவில் பதிந்த கூவல்களும் பாட்டுகளும்தான். மெஸ்ஸினா நீரிணையில் வாள்மீன் வேட்டையைக் காட்டும் 1954-ஆம் ஆண்டுப் படத்தில், உயர்ந்த கம்பத்தின் உச்சியில் நிற்பவன் மீனைக் கண்டதும் கத்துகிறான். கத்தல் விரைய விரையத் துடுப்பு வலிப்பும் விரைகிறது, எறியீட்டி பாய்கிறது. அவன் சொல்வது நமக்கு விளங்காவிட்டாலும் படத்தொகுப்பின் தாளத்தை நிர்ணயிப்பது அவன் குரலே. (ஒலியும் காட்சியும் ஒருசேரப் பதிந்தவை அல்ல, பின்னர் இணைக்கப்பட்டவை. இவற்றை அப்பட்டமான நிஜம் என்று கொண்டாடுவோர் சற்று நிதானிக்கலாம்.)

1958-இல் சார்தீனியாவின் பார்பாஜியா மலைப்பகுதிக்குப் போனார். அங்குள்ள ஒர்கோசொலோ அன்று கொள்ளையர் ஊர் என்றே நாளேடுகளில் அடிபட்டது. அவ்வூரைப் பற்றி ஃபிராங்கோ கான்யெத்தா 1954-இல் வெளியிட்ட கள ஆய்வு, குற்றத்தின் வேர் வறுமையிலும் அரசின் அணுகுமுறையிலும் இருப்பதைக் காட்டியிருந்தது. தெ சேத்தா அங்கு எடுத்த இரு குறும்படங்களில் ஒன்று மந்தையோடு மலையில் காலம் கழிக்கும் ஆண்களையும், மற்றொன்று ஊரில் தங்கிவிட்ட பெண்களையும் காட்டுகிறது.

அதே ஊரில் அவர் எடுத்த முழுநீளக் கதைப்படம் ‘பாந்தித்தி ஆ ஒர்கோசொலோ’ 1961-இல் வெனிஸ் விழாவில் சிறந்த முதல் படத்துக்கான பரிசு பெற்றது. நடித்தவர்கள் உள்ளூர் மேய்ப்பர்கள். செய்யாத குற்றத்துக்காகத் தேடப்படும் மிக்கேலே மந்தையோடு மலையேறுகிறான், ஆடுகள் ஒவ்வொன்றாகச் சாகின்றன, கடன் மிஞ்சுகிறது, கடைசியில் துப்பாக்கியை நீட்டி இன்னொருவன் மந்தையை ஓட்டிச் செல்கிறான். முகங்கள், நடை, ஆட்டைத் தூக்கும் கை எல்லாம் ஒர்கோசொலோவுடையவை. பேச்சு மட்டும் டப்பிங் செய்யப்பட்ட இத்தாலியம்.

அன்றைய இத்தாலியப் படவுலகில் எல்லாமே டப்பிங்தான், சார்தீனியப் பேச்சில் வந்திருந்தால் இத்தாலியத் தீபகற்பத்தில் யாருக்கும் புரிந்திராது என்பர். மறுப்பதற்கில்லை. ஆயினும் ஓர் ஒழுங்கு கண்ணில் படுகிறது. வட்டாரப் பேச்சு உழைப்பின் ஓசையாக இருந்தவரை அதற்குத் திரையில் இடம் கிடைத்தது. நியாயம் கேட்க வாய் திறந்ததும் அரசின் மொழி வந்து அமர்ந்துகொண்டது. அரசிடம் தன் பக்கத்தைச் சொல்ல வழியற்ற ஒருவனின் கதை இது என்பதால், இழப்பு படத்தின் கருவையே தொடுகிறது. சார்தீனியத்தை மொழிச் சிறுபான்மையாக இத்தாலியச் சட்டம் ஏற்றது 1999-இல்தான்.

இந்த டப்பிங்கைத் தெ சேத்தாவின் அக்கறைக் குறைவாகப் படிப்பது பிழை. 1973-இல் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான அவருடைய ‘தியாரியோ தி ஊன் மயேஸ்த்ரோ’வில், ரோம் புறநகர்ப் பள்ளிச் சிறுவர்கள் மனப்பாடம் செய்த வசனமின்றித் தங்கள் பேச்சிலேயே பேசினார்கள், ஒலி அங்கேயே பதிவானது. இம்முறை கேமராவை இயக்கியவர், ஒர்கோசொலோவில் அவருக்கு உதவியாக இருந்த லூச்சானோ தோவோலி.