வட்டமில்லாத வளையம்

சாலையில் நமக்கு முன்னால் போகிற வண்டி புகை விட்டுக்கொண்டு போனால் நாம் மூக்கைப் பொத்திக்கொண்டு, ஓட்டுகிறவனை மனசுக்குள் இரண்டு வார்த்தை வைதுவிட்டு, முந்திப் போக வழி பார்க்கிறோம். அந்தப் புகை என்ன நிறம் என்று யாரும் கவனிப்பதில்லை. கறுப்பாக வந்தால் பெட்ரோலோ டீசலோ சரியாக எரியாமல் வீணாகிறது என்று அர்த்தம். விடாமல் வெள்ளையாக வந்தால் தண்ணீர் எங்கேயோ உள்ளே கசிகிறது. நீலமாக வந்தால் விஷயம் வேறு. வழவழப்புக்காக இஞ்சினுக்குள் விட்டிருக்கிற ஆயில், போகக்கூடாத இடத்துக்குப் போய் நெருப்பில் எரிகிறது. ‘வண்டி ஆயில் குடிக்கிறது’ என்று ஷெட்டுகளில் சொல்வார்கள். குடிக்க விட்டது யார் என்று பார்த்தால், பெரும்பாலும் குற்றவாளி ஒரு சின்ன இரும்பு வளையம். கைவளை மாதிரி இருக்கும். ஓர் இடத்தில் வெட்டு விட்டிருக்கும். பிஸ்டன் ரிங்கு என்று பெயர்.

கதை எழுதிப் பிழைக்கிற எனக்கும் இதற்கும் என்ன சம்பந்தம் என்று வாசகர்கள் கேட்கலாம். என் தாத்தா பஸ் கிளீனராக இருந்தவர். திண்டிவனத்துக்கும் விழுப்புரத்துக்கும் நடுவே உள்ள இருபத்துநாலு மைல் சாலைதான் அவருடைய ராஜ்யம். ராமாயணத்தைக் காட்டிலும் அதிகமாக இஞ்சின் கதைகளைத்தான் நான் அவரிடம் கேட்டிருக்கிறேன். அந்தக் கதைகளில் இந்த வளையம் அடிக்கடி வரும், வில்லனாகவும் வரும், கதாநாயகனாகவும் வரும். அதன் பூர்வோத்தரத்தை நான் விசாரித்துத் தெரிந்துகொண்டது பிற்பாடுதான்.

உருளைக்குள் ஒரு தட்டு மேலும் கீழும் போய்வர வேண்டும். ஆனால் ஓரத்தில் ஆவி கசியக் கூடாது. இறுக்கினால் ஓடாது, தளர்த்தினால் ஒழுகும். நீராவி யந்திரம் பிறந்த நாள் முதல் இதுதான் தலைவலி. 1712-இல் நியூகமன் என்கிற ஆங்கிலேயர் சுரங்கத் தண்ணீரை இறைக்க யந்திரம் அமைத்தபோது, தட்டின் மேல் தோலை வைத்து, தோலின் மேல் தண்ணீரைத் தேக்கிச் சமாளித்தார். ஜேம்ஸ் வாட் சணலைத் திரித்துக் கொழுப்பில் தோய்த்துச் சுற்றினார். ஜான் வில்கின்சன் என்பவர் 1774-இல் பீரங்கிக் குழாய் குடைவதற்கென்று ஒரு முறை கண்டுபிடிக்க, வாட்டுக்கு அதனால் ஓரளவு ஒழுங்கான உருளை கிடைத்தது. அப்படியும் சணல் சணல்தான். ரயில் இஞ்சின்கள் வந்து ஆவியின் அழுத்தமும் சூடும் கூடியபோது, அது கருகுவதும் பிய்வதும் மறுபடி திணிப்பதுமாகவே காலம் போயிற்று.

மான்செஸ்டர் பக்கத்தில் ரயில் இஞ்சின்களைப் பராமரிக்கும் பொறுப்பில் ஜான் ராம்ஸ்பாட்டம் என்று ஒருவர் இருந்தார். 1814-இல் பிறந்தவர். சணலைத் தூக்கி எறிந்துவிட்டு, தட்டின் விளிம்பில் பள்ளம் வெட்டி, வெட்டு விட்ட உலோக வளையத்தை அதில் மாட்டினால் என்ன என்று யோசித்தார். வளையத்தை உருளையைவிடச் சற்றுப் பெரிதாகச் செய்து, நெருக்கி உள்ளே விட்டால், வில் மாதிரி விரிந்து சுவரை அணைத்துக்கொள்ளுமல்லவா? 1852-இல் செய்து பார்த்தார். சரிப்படவில்லை. வளையங்கள் ஓரிடத்தில் தேய்ந்தன, ஓரிடத்தில் தேயவில்லை.

இரண்டு வருஷம் கழித்து அவருக்குக் காரணம் பிடிபட்டது. இந்த இடத்தில்தான் எனக்கு அந்த மனிதர் மேல் பிரியம் உண்டாகிறது. துல்லியமான வட்டமாக ஒரு வளையம் செய்து, அதில் ஒரு துண்டை வெட்டி எடுத்துவிட்டு நெருக்கினால், அது பிறகு வட்டமாக இருப்பதில்லை. சில இடத்தில் சுவரை அழுத்தும், சில இடத்தில் சும்மா தொட்டுக்கொண்டு நிற்கும். ஆகவே வெளியில் இருக்கும்போது வளையம் கோணலாக இருக்க வேண்டும். உள்ளே நெருக்குண்ட பிறகுதான் வட்டமாக வேண்டும். எவ்வளவு கோணல், எந்த இடத்தில் கோணல் என்பதைக் கணக்குப் பண்ணி 1854-இல் அவர் செய்த வளையம் நாலாயிரம் மைல் வரை தாங்கியதாகச் சொன்னார்கள். 1855-இல் அதற்கு உரிமைப் பத்திரமும் வாங்கினார். இன்று நீங்கள் கடையில் வாங்குகிற ரிங்கைக் கையில் எடுத்துப் பார்த்தாலும் அது வட்டம் போலத்தான் தோன்றும். நம்பாதீர்கள்.

மறு வருஷம், 1856 ஜூலை முதல் தேதி, ராயபுரத்திலிருந்து ஆற்காட்டுப் பக்கம் வாலாஜா ரோடு வரை தென்னாட்டின் முதல் பயணிகள் ரயில் ஓடியது. திண்டிவனம், விழுப்புரம் வழியாகத் தெற்கே போகிற தண்டவாளம் 1870-களில் வந்தது. 1879-இல் விழுப்புரத்திலிருந்து பிரெஞ்சுக்காரர்களின் புதுச்சேரிக்குக் கிளை போட்டார்கள். அதன் பிறகு விழுப்புரம் என்றாலே ஜங்ஷன்தான். ஊர் ஜனங்களில் பாதிப் பேருக்கு ரயில்வேயில் ஓர் உறவினராவது இருந்தார். 1960-களில் தாம்பரம் - விழுப்புரம் தடத்தில் மின்சாரம் வந்தது. சென்னையிலிருந்து மின்சாரத்தில் வந்த வண்டி இங்கே இஞ்சின் மாற்றிக்கொண்டு, தெற்கே கரிப் புகையோடு போகும். அந்தக் கரி இஞ்சின் ஒவ்வொன்றின் உருளைக்குள்ளும் ராம்ஸ்பாட்டத்தின் வளையத்துக்கு வாரிசு ஏதாவது ஒன்று இருந்தது.

மோட்டார் இஞ்சினில் இந்த வளையத்தின் பாடு ரயில் இஞ்சினைவிடப் பன்மடங்கு கஷ்டமானது. நிமிஷத்துக்கு மூவாயிரம் சுற்றுச் சுற்றுகிற இஞ்சினில் பிஸ்டன் ஒரு விநாடிக்கு ஐம்பது தடவை மேலே போய் ஐம்பது தடவை கீழே வருகிறது. தலைக்கு மேலே நெருப்பு, காலுக்குக் கீழே ஆயில். மேல் ரிங்குகள் நெருப்பின் அழுத்தம் கீழே இறங்காமல் தடுக்க வேண்டும். கீழ் ரிங்கு சுவரில் தெறிக்கிற ஆயிலை மெல்லிய படலம் மட்டும் விட்டு வழித்துவிட வேண்டும். இதில் ஒரு வேடிக்கை உண்டு. ரிங்கின் சொந்த விறைப்பு அப்படி ஒன்றும் பெரியதல்ல. வெடிப்பின் அழுத்தமே பள்ளத்துக்குள் புகுந்து ரிங்கின் முதுகில் நின்று அதைச் சுவரோடு தள்ளுகிறது. திருடனையே கதவுக்கு முட்டுக் கொடுக்க வைத்தது போன்ற ஏற்பாடு.

தாத்தாவின் கதைகளுக்கு வருகிறேன். இரண்டாவது யுத்தத்தின்போது, 1941-இல், பெட்ரோலுக்கு ரேஷன் வந்தது. பஸ்களின் பின்னால் ஆளுயரத்துக்கு ஒரு இரும்புப் பீப்பாயை மாட்டினார்கள். அதில் மரக்கரியைக் கொட்டி, கிளீனர் பையன் கையால் ஊதுகாற்றுச் சக்கரத்தைச் சுற்ற வேண்டும். கால் மணி நேரம் சுற்றினால் கரிவாயு கிளம்பும். அதைக் குழாய் வழியாக இஞ்சினுக்கு விட்டு ஓட்டுவார்கள். மதுரையில் டி.வி.எஸ். கம்பெனி இந்தக் கரிவாயு அமைப்பைச் சொந்தமாகச் செய்து கொடுத்துப் பேர் வாங்கியது. பதினாறு வயதில் தாத்தா சுற்றிய சக்கரம் யார் செய்ததோ, அவருக்கும் தெரியாது. சுற்றிச் சுற்றித் தலைவலி வந்து, ஒரு தடவை விக்கிரவாண்டியில் மயங்கி விழுந்திருக்கிறார். பசி மயக்கம் என்று நீராகாரம் கொடுத்தார்களாம். கரிவாயுவில் இருக்கிற கார்பன் மோனாக்ஸைடு ஆளைக் கொல்லுகிற விஷம் என்று அன்றைக்கு அவருக்கு யார் சொல்லுவார்கள்?

பெட்ரோலில் இருந்த பலத்தில் மூன்றில் ஒரு பங்கோ அதற்கு மேலேயோ கரிவாயுவில் குறைந்துவிடும். பங்குனி உத்திரத்துக்கு மயிலம் போகிற கூட்டத்தை ஏற்றிக்கொண்டு கூட்டேரிப்பட்டில் திரும்புவதற்குள், முருகன் பேரைச் சொல்லி ஆண்பிள்ளைகள் எல்லோரும் இறங்கித் தள்ள வேண்டுமாம். இது சிரிப்புக் கதை. சிரிப்பில்லாத கதை இஞ்சினுக்குள் நடந்தது. எத்தனை வடிகட்டி வைத்தாலும் கரிச் சாம்பல் பொடி உள்ளே போகும். பட்டறையில் உப்புத்தாள் போட்டுத் தேய்ப்பது போல அது ரிங்கையும் சுவரையும் அறுத்துத் தள்ளியது. தார் வேறு பள்ளத்தில் உறைந்து ரிங்கை அசையவிடாமல் பிடித்துக்கொள்ளும். புது ரிங்கு வேண்டுமானால் கப்பலில் வர வேண்டும்; கப்பலில் யுத்தச் சாமான்தான் வந்தது.

அதனால் ஒரு பழைய லாரியின் பெரிய ரிங்கை எடுத்து, முனைகளை அரத்தால் ராவிக் குறைத்து, பஸ்ஸின் உருளைக்குள் நெருக்கி மாட்டுவார்களாம். இரண்டு மூன்று நாள் பிரமாதமாக ஓடும். பிறகு மறுபடி புகை. ‘என்ன மாயமோ தெரியல, ஒரு பக்கம் தேயும், ஒரு பக்கம் பளபளன்னு அப்படியே இருக்கும்’ என்று தாத்தா சொல்லுவார். 1852-இல் ராம்ஸ்பாட்டம் கண்ட அதே மாயம்தான். பெரிய வளையத்தை வெட்டி நெருக்கினால் அதன் கோணல் கணக்குத் தப்பிவிடுகிறது. மான்செஸ்டரில் ஒரு தடவை தோற்றுத் திருத்திக்கொண்ட பாடத்தைத் தொண்ணூறு வருஷத்துக்குப் பிறகு திண்டிவனத்துப் பட்டறையில், வேறு வழியில்லாமல், தினமும் தோற்றுக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்குத் திறமை இல்லை என்று நான் சொல்ல மாட்டேன். இரும்புதான் இல்லை.

அந்த இரும்பு 1949-இல் செம்பியத்தில் கிடைத்தது. 1840-இல் குதிரை வண்டி கட்ட ஆரம்பித்து, 1903-இல் நீராவி மோட்டார் வண்டி ஒன்றைச் செய்து சென்னைத் தெருவில் ஓட்டிக் காட்டிய சிம்ப்ஸன் கம்பெனி, பின்னால் ஆழ்வார்திருநகரி அனந்தராமகிருஷ்ணன் கைக்கு வந்திருந்தது. அவர் தொடங்கியதுதான் இந்தியா பிஸ்டன்ஸ். பிஸ்டனும் ரிங்கும் இங்கேயே வார்த்துக் கடைந்து வர ஆரம்பித்தன. 1964-இல் அவர் காலமாவதற்குள் செம்பியம் ஒரு யந்திர நகரமாகிவிட்டது. 1991-இல் அதே குடும்பத்துத் தொழிற்கூட்டத்திலிருந்து, ஜப்பான்காரர்களின் தொழில்நுட்ப உதவியோடு, ரிங்குக்கென்றே ஒரு தனிக் கம்பெனி உண்டாகி மறைமலை நகரில் ஆலை வைத்தது. தாத்தா சக்கரம் சுற்றிய அதே ஜி.எஸ்.டி. ரோட்டில், வடக்கே கொஞ்ச தூரம் போனால் மறைமலை நகர்.

ஆனால் நல்ல ரிங்கு கிடைத்தால் மட்டும் போதாது. மாட்டுகிற கை ஒன்று இருக்கிறதே! 1990-களின் தொடக்கத்தில் எங்கள் தெருவில் ஒருவர் அம்பாசடர் டாக்ஸி வைத்திருந்தார். மனைவியின் நகையை அடகு வைத்து ஒரு ஷெட்டில் இஞ்சின் வேலை பார்த்தார். புது ரிங்கு, புது பேரிங்கு எல்லாம் போட்டு வந்த வண்டி, பழைய படியே நீலப் புகை விட்டது. ஷெட்டுக்காரர், ‘போகப் போகச் சரியாகும்’ என்றார். போகப் போக ஆயில் செலவுதான் ஆயிற்று. கடைசியில் விழுப்புரத்தில் ஒரு கிழ மேஸ்திரியிடம் போனார். நானும் முன் சீட்டில் தொற்றிக்கொண்டேன். சம்பைக் கழற்றி, ஹெட்டை இறக்கி, பிஸ்டனை மேல் வழியாக உருவி எடுத்ததும், மேஸ்திரி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார்.

“தம்பி, ரிங்கு நல்ல ரிங்குதான். தலைகீழா நிக்குது.”

“ரிங்குக்கு ஏது மேஸ்திரி தலையும் காலும்?”

மேஸ்திரி ஒரு ரிங்கைக் கழற்றி வெளிச்சத்தில் காட்டினார். ஓரத்தில் பொடியாக ‘டாப்’ என்று இங்கிலீஷில் பொறித்திருந்தது. மேஸ்திரிக்கு இங்கிலீஷில் தெரிந்த ஒரே சொல் அதுதான் என்று நினைக்கிறேன். அந்த ரிங்கின் முகம் நேராக இருக்காது. கண்ணுக்குத் தெரியாத சரிவு இருக்கும். எழுத்து மேலே பார்த்தபடி மாட்டினால் கீழே இறங்கும்போது ஆயிலை வழிக்கும். கவிழ்த்து மாட்டினால் மேலே ஏறும்போது ஆயிலை வாரி நெருப்பில் கொட்டும். நகையை விழுங்கியது அந்தச் சரிவுதான்.

பிறகு அவர் செய்ததை எல்லாம் நான் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். பழைய ரிங்கு ஒன்றை ஒடித்து, அந்த முனையாலேயே பிஸ்டன் பள்ளத்தில் இருந்த கரியைச் சுரண்டினார். பள்ளத்தின் அளவு ஒடித்த ரிங்குக்குத் தெரிந்த மாதிரி வேறு எந்த ஆயுதத்துக்கும் தெரியாதாம். ஒவ்வொரு புது ரிங்கையும் பிஸ்டனில் மாட்டுவதற்கு முன்னால் வெறும் உருளைக்குள் விட்டு, பிஸ்டன் தலையால் நேராகத் தள்ளி, வெட்டின் இடைவெளியில் ஃபில்லர் கேஜை விட்டுப் பார்த்தார். உருளையின் குறுக்களவில் ஓர் அங்குலத்துக்கு ஓர் அங்குலத்தின் ஆயிரத்தில் மூன்று நாலு பங்கு இடைவெளி என்பது பழைய கணக்கு. அம்பாசடரின் உருளை மூன்று அங்குலத்துக்குச் சற்றுக் குறைவு; ஆகவே ஏறக்குறைய ஒரு தபால் கார்டின் கனம். இதற்குக் குறைந்தால் சூட்டில் ரிங்கு நீண்டு முனையும் முனையும் முட்டி ஒடியும், சுவரைக் கீறும். மிகவும் கூடினால் அழுத்தம் ஒழுகும். ஒரு ரிங்கில் இடைவெளி போதவில்லை. அரத்தை வைசில் பிடித்து, ரிங்கை அதன் மேல் வைத்து மூன்றே இழுப்பு இழுத்தார், மறுபடி அளந்தார், மறுபடி ஓர் இழுப்பு.

கீழ் ரிங்கை முதலில் மாட்டி, மேல் ரிங்கைக் கடைசியில் மாட்டினார். அளவுக்கு மேல் விரித்தால் அது படக்கென்று ஒடியும் வார்ப்பிரும்பு. வெட்டுகள் ஒன்றுக்கு நேரே ஒன்று வராமல் திசைக்கொன்றாகத் திருப்பி வைத்தார். ஓடும்போது ரிங்குகள் பள்ளத்துக்குள் தாமாகவே சுற்றிக்கொள்கின்றன என்பது இன்று எல்லோருக்கும் தெரிந்த விஷயம். ஆனாலும் முதல் தடவை இஞ்சின் பிடிப்பதற்கு அந்த வரிசை உதவும். மேஸ்திரிகள் இதைச் சாஸ்திரமாகவே அனுஷ்டிக்கிறார்கள். ஆயிலில் முக்கி, தகட்டுப் பட்டையால் ரிங்குகளை நெருக்கி, சுத்தியலின் மரப்பிடியால் மெதுவாகத் தட்டி உள்ளே இறக்கினார். மூன்றாவது பிஸ்டன் பாதியில் நின்றது. ஓங்கி ஒரு தட்டு தட்டியிருந்தால் போயிருக்கும், ரிங்கும் போயிருக்கும். அவர் முழுவதையும் வெளியே எடுத்து, பட்டைக்கு வெளியே நழுவியிருந்த ரிங்கை நேராக்கி, மறுபடி ஆரம்பத்திலிருந்து தொடங்கினார்.

சாயங்காலம் வண்டி கிளம்பியபோது மேஸ்திரி ஜன்னல் வழியாகத் தலையை நீட்டி, “ஐந்நூறு மைலுக்கு விரட்டாதே தம்பி. ஒரே வேகத்திலயும் போவாதே. ரிங்கும் போரும் இன்னும் ஒண்ணுக்கொண்ணு பழகல” என்றார். திண்டிவனம் திரும்பும்போது கரும்பு ஏற்றிய டிராக்டர்கள் எங்களைத் தாண்டிப் போயின. ஒரு சைக்கிள்காரன்கூடச் சிறிது தூரம் கூடவே வந்து, உள்ளே எட்டிப் பார்த்துச் சிரித்துவிட்டு முன்னால் போனான். டாக்ஸிக்காரர் சிரிக்கவில்லை. ஒரு கையால் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு, தலையை வெளியே நீட்டிப் பின்னாலேயே பார்த்துக்கொண்டு வந்தார். புகை இல்லை.