லண்டனின் ஐந்து நாள் அந்தகாரம்

1952ஆம் வருஷம் டிசம்பர் மாதம் 5ஆம் தேதி லண்டன் மாநகரின்மீது மூடுபனி இறங்கியபோது, பனியிலேயே பிறந்து வளர்ந்த அந்நகரத்து ஜனங்கள் அதை ஒரு பொருட்டாகவே கருதவில்லை. ஆனால், காற்று அடியோடு அசைவற்று, தரையை ஒட்டிய குளிர்காற்றின்மேல் வெப்பக்காற்று மூடிபோல் கவிந்துகொள்ளவே, லட்சக்கணக்கான வீடுகளின் கணப்புகளிலிருந்தும், பாட்டர்ஸீ முதலிய மின்சார நிலையங்களிலிருந்தும் கிளம்பிய கந்தகப் புகை மேலே போக வழியின்றி வீதிகளிலேயே தங்கிவிட்டது. யுத்தக் கடனில் ஆழ்ந்திருந்த பிரிட்டன், நல்ல நிலக்கரியை ஏற்றுமதி செய்துவிட்டு, தூளும் துண்டுமான மட்டக் கரியைப் பங்கீட்டுக் கட்டுப்பாடின்றிச் சொந்தப் பிரஜைகளுக்கு விற்கத் தொடங்கியிருந்த சமயம் அது.

கண்டக்டர்கள் விளக்கேந்தி முன்னே நடக்க, பஸ்கள் பின்னே ஊர்ந்தன. ஸாட்லர்ஸ் வெல்ஸ் அரங்கினுள்ளும் புகை புகுந்து மேடையை மறைத்ததால், இசை நாடகம் பாதியில் நின்றது.

அபாயத்தை முதலில் உணர்த்தியவை வாயில்லா ஜீவன்களே. ஏர்ல்ஸ் கோர்ட்டில் ஸ்மித்ஃபீல்டு கண்காட்சிக்கு வந்திருந்த உயர்ஜாதி மாடுகள் சில மூச்சுத் திணறி மாண்டன. வைக்கோலை அடிக்கடி மாற்றிச் சுத்தமாகப் பேணப்பட்ட மாடுகளே அதிகம் துன்புற்றன என்றும், சாணமும் கோமூத்திரமும் கிடந்த இடங்களில் எழுந்த அம்மோனியா காற்றிலிருந்த அமிலத்தை முறித்து மற்றவற்றைக் காப்பாற்றியது என்றும் பின்னர் விளக்கம் கூறினார்கள். மாடுகளின் சாவு உடனே செய்தியாயிற்று. படுக்கையிலேயே மூச்சடங்கிய வயோதிகர்களின் சாவோ, சவப்பெட்டிகளுக்குத் தட்டுப்பாடு வந்து, மரணக் கணக்கும் வெளியான பிறகே ஊருக்குத் தெரிந்தது. 9ஆம் தேதி காற்று வீசிப் புகை கலைந்தது. முதற் கணக்கில் சுமார் 4,000 பேர். பிற்கால ஆராய்ச்சியாளர் சிலர் மதிப்பிட்டதோ 12,000.

அடுத்த சில மாதங்களிலும் சாவு குறையாதிருந்தபோது, சர்க்கார் இன்ஃப்ளுயென்ஸாவின்மீது பழியைப் போட்டது. 1930இல் பெல்ஜியத்து மியூஸ் பள்ளத்தாக்கிலும், 1948இல் அமெரிக்காவின் டோனோராவிலும் இத்தகைய புகையே உயிர்களைக் குடித்திருக்க, அறியாமல் நேர்ந்த பிழை என்று இதை எவ்வாறு மன்னிப்பது? ஸர் ஹியூ பீவர் தலைமையிலான குழு 1954இல் அறிக்கை தந்த பின்னரும் மந்திரிசபை தயங்கவே, ஜெரால்டு நபாரோ என்னும் அங்கத்தினர் தனிநபர் மசோதா கொணர்ந்து நெருக்க வேண்டியதாயிற்று.

1956இல் சுத்தக் காற்றுச் சட்டம் நிறைவேறியது. ஆயினும் கணப்புகளை மாற்றும் வேலை மெல்லவே நடந்தபடியால், 1962 டிசம்பரில் மீண்டும் புகை சூழ்ந்து, அதே லண்டனில் நூற்றுக்கணக்கானோர் மாண்டனர்.