கச்சா பிலிமும் சுங்கவரியும்: ரங்காச்சாரியார் குழுவை மீண்டும் வாசித்தல்

வெளிநாடுகளில் தயாராகும் திரைப்படங்களுக்கு 100 விழுக்காடு சுங்கவரி விதிக்கப்படும் என்று அமெரிக்கக் குடியரசுத் தலைவர் டிரம்ப் 2025 மே மாதம் அறிவித்தார். பலருக்கும் இது புதுமையாகத் தோன்றியது. ஆனால், திரைப்படத்தை வணிகச் சலுகையாலும் வரியாலும் நெறிப்படுத்தலாமா என்ற வினாவை இந்தியா ஏறத்தாழ ஒரு நூற்றாண்டுக்கு முன்பே விசாரித்திருக்கிறது. விசாரணைக்குத் தலைமை தாங்கியவர் சென்னை வழக்கறிஞர் திவான் பகதூர் டி. ரங்காச்சாரியார்.

அன்று இந்தியத் திரையரங்குகளில் ஓடியவற்றுள் பெரும்பகுதி அமெரிக்கப் படங்களே. பிரிட்டன் தன் சந்தையைக் காக்க 1927இல் ஒதுக்கீட்டுச் சட்டம் இயற்றியது. குடியேற்ற நாடுகளிலும் பேரரசுப் படங்களுக்கு முன்னுரிமை வேண்டும் என விரும்பியது. இப்பின்னணியில் 1927 அக்டோபரில் அமைக்கப்பட்ட இந்தியத் திரைப்படக் குழு, பம்பாய், சென்னை, கல்கத்தா, ரங்கூன் உள்ளிட்ட நகரங்களில் 353 சாட்சிகளை விசாரித்து, 1928இல் அறிக்கை அளித்தது.

பேரரசு முன்னுரிமையை அறிக்கை ஏற்கவில்லை. பாதுகாப்பு தேவையெனில் அது இந்தியப் படங்களுக்கே உரியது என்பது அதன் நிலைப்பாடு. கச்சா பிலிம் மீதான இறக்குமதி வரியை நீக்கவும் அது பரிந்துரைத்தது. இதன் பொருளியல் தருக்கம் எளியது. கச்சா பிலிம் இந்தியாவில் உற்பத்தியாகவில்லை. எனவே அவ்வரி எந்த உள்நாட்டுத் தொழிலையும் காக்கவில்லை. அமெரிக்கப் படம் தன் முதலீட்டை உள்நாட்டிலேயே மீட்டுக்கொண்டு மலிவாக வந்திறங்கியது. இந்தியத் தயாரிப்பாளரோ, படத்தொகுப்பில் வெட்டி எறியப்படும் அடிகளுக்கும் சேர்த்து வரி செலுத்தினார். இந்தியப் படங்களுக்குத் திரையரங்குகளில் ஒதுக்கீடு வேண்டும் என்ற பரிந்துரையை மூன்று ஐரோப்பிய உறுப்பினர்கள் மறுத்துத் தனிக்குறிப்பு எழுதினர்.

பரிந்துரைகளில் பெரும்பாலானவை ஏட்டளவிலேயே நின்றன. அதன் விலை இரண்டாம் உலகப் போரில் தெரிந்தது: இறக்குமதி சுருங்கியதும் கதைப்படங்களின் நீளம் 11,000 அடிக்குள் அடக்கப்பட்டது. உதகமண்டலத்தில் இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ் நிறுவனம் உருவாக 1960 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

அன்று சுங்க அதிகாரி பிலிமை அடிக்கணக்கில் அளந்தார். இன்று படம் மின்னணுக் கோப்பாக எல்லை கடக்கிறது. மின்னணுப் பரிமாற்றங்களுக்குச் சுங்கவரி கூடாது என்ற இடைக்காலத் தடையை உலக வணிக அமைப்பு 1998இல் ஏற்றது. அளவுகோல் மாறினாலும் குழு முன்வைத்த வினா மாறவில்லை: ஒரு வரி யாரைக் காப்பதாகச் சொல்கிறது, உண்மையில் யார் அதைச் செலுத்துகிறார்கள்? இவ்விரண்டுக்கும் விடை ஒன்றல்ல என்பதையே 1928ஆம் ஆண்டு அறிக்கை உணர்த்துகிறது.